மூன்றாம் இலக்கப் போன்

"செவ்வாய் காலை. போன் நான்கு. 1, 2, 4 சரி. 3 வெள்ளைத் திரை."

பழைய கொப்பியில் என் கையெழுத்தில் இவ்வளவுதான் இருக்கிறது. நாள் குறிக்காமல் நான் எதையும் எழுதுவதில்லை. இதில் ஆண்டு விடுபட்டிருக்கிறது. கிண்ணியாவுக்கு அப்போது பாலம் இல்லை, துறையில் ஏறிப் படகில்தான் போனோம். ஆகவே யுத்த காலம்.

கிண்ணியாவின் மருத்துவ மாதுகளுக்காக, கர்ப்பிணிகளின் கிளினிக் நாட்களைப் போனில் பதியும் ஒரு செயலியை இக்கரையில், நகரின் ஓர்ஸ் ஹில்லில் இருந்து எழுதிக்கொண்டிருந்தேன். நான் பயன்படுத்திய மென்பொருள் கட்டமைப்பு, ஒருமுறை எழுதினால் கணினியிலும் எல்லாவகைப் போன்களிலும் ஓடும் என்றது. கணினித் திரையில் தெரியும் மாதிரிப் போனில் ஓடவும் செய்தது. உண்மையான போன்களில் பார்க்க வேண்டுமென்று அந்த மாதுகளில் நால்வரின் போன்களை இரண்டு நாள் இரவல் வாங்கியிருந்தேன்.

திருப்பிக் கொடுக்கப் போகும்போதுதான் என் ஒழுங்கு என்னைக் கெடுத்தது. சிம்கள் மாறிவிடக் கூடாதென்று ஒவ்வொன்றையும் தனி உறையில் இட்டேன். பற்றரிகளைக் கழற்றி 1 முதல் 4 வரை இலக்கம் ஒட்டினேன். மேலே ஒரு அட்டவணை.

துறையடிச் சோதனைச் சாவடியில் சிப்பாய் பையைக் கவிழ்த்தார்.

"மே மொகட்டத?" இது எதற்கு என்று சிங்களத்தில் கேட்டார். பிறகு தமிழில், "ஒரு ஆள், நாலு போன்?"

"நாலிலும் ஒரே புரோகிராம்தான் ஓடும் சேர்," என்றேன். "போட்டுக் காட்டுறன்."

பற்றரிகளைச் செருகினேன். முதலாவது திறந்தது. இரண்டாவதும் திறந்தது. மூன்றாவதில் செயலி வரவேண்டிய இடத்தில் வெள்ளைத் திரை.

"இது வேற?" அவர் என் அடையாள அட்டையை வாங்கி, இலக்கத்தைத் தன் குறிப்பேட்டில் எழுதத் தொடங்கினார். அப்படி எழுதப்பட்டு, விசாரணைக்கென்று கூட்டிப்போகப்பட்டவர்களை நான் அறிவேன்.

பெண்கள் வரிசையில் நின்ற மருத்துவ மாது ஒருவர் முன்னால் வந்தார். நகரில் கூட்டமொன்று முடிந்து திரும்புகிறவர்.

"அது எண்ட போன், சேர்." என் பக்கம் திரும்பினார். "தம்பி, வேலை செய்யிதா எண்டு பாக்கத்தானே தந்தன்? இப்பிடித் துண்டு துண்டா வெட்டிக் கொண்டுவரவா?"

முதலாவதிலும் மூன்றாவதிலும் சிம்மைப் போட்டு, முதலாவது போனிலிருந்து தன் இலக்கத்தை அழுத்தினார். மேசையில் கிடந்த மூன்றாவது அதிர்ந்து ஒலித்தது. சிப்பாயும் நானும் வரிசையும், வெடிகுண்டோ என்று ஓரடி பின்வாங்கினோம். அவர் மட்டும் எடுத்துக் காதில் வைத்து, "ஹலோ, நான்தான் கதைக்கிறன்," என்றார்.

சிப்பாய் சிரிக்கவில்லை. அட்டையைத் திருப்பித் தந்தார்.

படகில் மருத்துவ மாது கேட்டார்: "எண்ட போன்ல ஓடுமா?"

"இந்த மொடலுக்கு ஏலாது அக்கா."

"அப்ப ஏன் ஓடும் எண்டு அவனுக்குச் சொன்ன நீங்க?"

மாலையில் திரும்பியபோது சாவடியில் வேறொருவர் நின்றார். காலையில் நின்ற சிப்பாய் என் இலக்கத்தை முழுதாக எழுதினாரா, எழுதியதை வெட்டினாரா, தெரியாது. இன்றுவரை உறுதிப்படுத்த முடியவில்லை.