விழுங்கிய பாதி

பவானிபூரில் நாங்கள் கீழ்வீட்டில் குடியிருந்தபோது எனக்குப் பத்து வயது. வீட்டில் எனக்கிருந்த மதிப்பு அதைவிடப் பெரியது. அப்பா ஆபீஸ் இங்கிலீஷோடு காலத்தை ஓட்டினார். அம்மாவுக்குத் தமிழ் மட்டும்தான். பால்காரரிலிருந்து மாடிவீட்டுக் காக்கிமா வரை யார் வங்காள பாஷையில் என்ன சொன்னாலும் என் வாய் வழியாகத்தான் அம்மாவின் காதுக்குப் போகவேண்டும். அந்தப் பதவி என் தலைக்கேறியிருந்தது.

காக்கிமா என்றால் சித்தி; அவள் பள்ளிக்கூட டீச்சர். பொதுவாய் ஒரு பாஷை இல்லாமலே அவளும் அம்மாவும் அப்படி ஒட்டிக்கொண்டிருந்தார்கள். இங்கிருந்து ரசம் மாடிக்கு ஏறும், அங்கிருந்து பாயசம் கீழே இறங்கும். தூக்கிக்கொண்டு ஓடுவது நான்.

ஒரு சாயங்காலம் காக்கிமா தன் வீட்டுச் சாவியோடு வந்தாள். பெற்றவர்களை எதிர்த்துக் கல்யாணம் செய்துகொண்டவள் அவள். எட்டு வருஷமாய்ப் பேசாத அவளுடைய அப்பா மறுநாள் மத்தியானம் பர்த்வானிலிருந்து வருகிறாராம். அவளுக்குப் பரீட்சை டியூட்டி, லீவு கிடைக்கவில்லை. கணவரும் ஊரில் இல்லை. அம்மா கதவைத் திறந்து, அவரை உட்காரவைத்து, குடிக்கத் தண்ணீர் கொடுத்தால் போதும் என்றாள். சொல்லும்போதே அவள் கண் கலங்கியது.

அதே மத்தியானம்தான் அம்மா என்னை லேக் மார்க்கெட்டுக்குக் கூட்டிப்போவதாய் இருந்தது. ரிப்பன், அதன்பிறகு மசால் தோசை. நான் யோசிக்கக்கூட இல்லை.

"சாவியைப் பத்திரமா வச்சுக்கணுமாம்," என்றேன்.

அம்மா சரியென்று தலையாட்டினாள். அதைப் பார்த்துவிட்டுக் காக்கிமா நிம்மதியாக மாடியேறினாள்.

தோசை நன்றாகத்தான் இருந்தது.

திரும்பி வந்தபோது மாடியில் பூட்டிய கதவுக்கு முன்னால் ஒரு மண்கலயம் நிறைய இனிப்பு இருந்தது. பெரியவர் இல்லை. இரண்டு மணி நேரம் படியில் உட்கார்ந்திருந்தாராம். மகள் வேண்டுமென்றே பூட்டிக்கொண்டு போய்விட்டதாக எதிர்வீட்டில் சொல்லிவிட்டு ரயிலுக்குப் போய்விட்டாராம்.

காக்கிமா கீழே வந்து, அம்மாவிடம் சொன்னாயா என்று என்னைக் கேட்டாள். அம்மா எங்கள் இருவர் முகத்தையும் மாறிமாறிப் பார்த்தபடி பக்கத்திலேயே நின்றாள்.

"மா புலே கேச்சே," என்றேன். அம்மா மறந்துவிட்டாள். அவள் முகத்துக்கெதிரேயே, அவளுக்குப் புரியாத பாஷையில் அப்படிச் சொன்னேன். காக்கிமா மாடியேறியபிறகு தமிழிலும் ஒரு பொய்: "அவ அப்பா வருவார், கதவைத் திறந்துவிடணும்னு நேத்தே சொன்னேனேம்மா, நீதான் காதுல வாங்கலை."

மறுநாள் காலையில் அரிசி களைந்துகொண்டே அம்மா கேட்டாள். "என் தப்புன்னு அவா பாஷைல எப்படிச் சொல்றது?"

"ஆமார் புல்."

"புல்." சொல்லிப்பார்த்தாள். "நேத்து நீ அவகிட்டச் சொன்னதுலயும் இந்த வார்த்தை வந்துதே?"

"அது எல்லாத்துலயும் வரும்மா."

அம்மா கொஞ்சநேரம் என்னையே பார்த்தாள். பிறகு கையைத் துடைத்துக்கொண்டு வாசலுக்குப் போனாள். "மேல போறேன். நீயும் வரியா?"

"உனக்குத்தான் சொல்ல வந்துடுத்தே. எனக்கு ஹோம்வொர்க் இருக்கு."

அவள் உடனே போகவில்லை. கதவைப் பிடித்தபடி நின்றாள். நான் நோட்டைப் பிரித்துவைத்துக்கொண்டேன்.

அவள் ஏறியதும் பாதிப் படியில் போய் ஒட்டுக்கேட்டேன். அம்மாவின் நாக்கில் 'புல்', 'ஃபுல்' ஆகிவிட்டது. "ஆமார் ஃபுல், தீதி." என் பூ, அக்கா. வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தேன். வேறு வார்த்தை தெரியாததால் அம்மா அதையே மறுபடி மறுபடி சொன்னாள். மேலே யாரும் சிரிக்கவில்லை.

ஒரு வாரத்தில் ரசம் பழையபடி மாடியேறியது. பெரியவர் மட்டும் வரவேயில்லை. காக்கிமா எழுதிய கடிதங்களுக்குப் பதிலும் இல்லை. அடுத்த வருஷம் ஒரு தந்தி வந்தபிறகுதான் அவள் பர்த்வானுக்குப் போனாள். அந்தக் கலயத்தை அவள் கடைசிவரை வைத்திருந்தாள். அதைப் பார்க்கும்போதெல்லாம் உண்மையைச் சொல்லிவிட நினைத்தேன்; சொல்லவேயில்லை. அம்மாவும் காக்கிமாவும் இன்று இல்லை.

அன்று அம்மா "நீயும் வரியா?" என்றபோது, துணைக்கு, பேசிக்கொடுக்கத்தான் என்னைக் கூப்பிடுகிறாள் என்று நினைத்தேன். சொல்லவேண்டியதைக் கற்றுக்கொண்டுவிட்டவளுக்கு நான் எதற்கு, என் வாயாலேயே உண்மை வரட்டும் என்றுதான் கதவைப் பிடித்தபடி நின்றாளோ என்று அந்தப் பத்து வயதில் எனக்குத் தோன்றவில்லை.