தலை குனிந்து தள்ளியவன்

இங்கே ரொட்டிக்கடைக்காரர் என் முகத்தைப் பார்த்து வணக்கம் சொல்வதில்லை. என் வலது காதைப் பார்த்துத்தான் சொல்கிறார். தென்மேற்கு பிரான்சில் ஒரு சிறிய ஊர் இது. ரக்பி விளையாட்டில் முன்வரிசையில் நின்று முட்டித் தள்ளியவர்களுக்குக் காது நசுங்கி, வெந்த காலிஃபிளவர் மாதிரி ஆகிவிடும். அந்தக் காதுக்கு இந்த ஊரில் தனி மரியாதை. வரிசையில் நிற்கும் கிழவர்கள்கூட எனக்கு வழிவிடுவார்கள். இத்தனை வருடமாகியும் எனக்குக் கூச்சம் போகவில்லை. அதே காதோடு காரைக்கால் பஸ் ஸ்டாண்டில் இறங்கினால் நடப்பதே வேறு. போன மார்கழியில் ஆட்டோக்காரர் கண்ணாடியில் என்னைப் பார்த்துக்கொண்டே வந்தார். கோட்டுச்சேரி தாண்டியதும் அவருக்குப் பொறுக்கவில்லை.

“அண்ணே, தப்பா நெனச்சுக்காதீங்க. காத யாரு கடிச்சா?”

“விளையாட்டுல அடிபட்டதுங்க. இந்தியாவுக்கு ஆடியிருக்கேன்.”

“கிரிக்கெட்டா? டிவில ஒங்கள பாத்ததே இல்லியே?”

“ரக்பி.”

“அது என்ன, மல்யுத்தமாண்ணே?”

“ஆமாங்க, கையில பந்து வச்சிக்கிட்டு மல்யுத்தம்” என்று பக்கத்திலிருந்த என் மகள் கயல் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. என் சட்டைப்பையில் நான்காக மடித்த ஒரு காகிதம் இருந்தது. கயலுக்குப் பதினாறு வயது. எங்கள் ஊர் கிளப்பின் பெண்கள் அணியில் ஆடுகிறாள். அவளை முன்வரிசைக்குத் தேர்ந்தெடுத்திருக்கிறார்கள். அதற்குப் பெற்றோர் சம்மதம் வேண்டும் என்பதுதான் அந்தக் காகிதம். நான் எட்டாவதோடு நின்றவன், பிரெஞ்சுக் காகிதம் எது வந்தாலும் கயல்தான் படித்துச் சொல்வாள். இதை மட்டும் அவளிடம் கொடுக்காமல் போனில் படம் பிடித்து, மொழிபெயர்த்து, வரி வரியாகப் படித்தேன். மனைவி செல்வியிடம் கையெழுத்துப் போடச் சொன்னால், “ஆடுனவங்க நீங்க. நீங்கதான் போடணும்” என்று சொல்லிவிட்டாள். மூன்று வாரமாக அது என் பையில் கனத்துக்கொண்டிருந்தது.

நான் இந்த விளையாட்டுக்கு வந்த கதையைச் சொன்னால்தான் என் பயம் புரியும். காரைக்கால் பக்கம் என் ஊரான திருவேட்டக்குடியில் படிப்பை விட்டு அப்பாவோடு கடலுக்குப் போய்க்கொண்டிருந்தேன். பத்தொன்பது வயதில் சொந்தக்காரர் ஒருவர் இங்கே தன் உணவகத்தில் பாத்திரம் கழுவ அழைத்து வந்தார். ஒரு மழைநாளில் சமையலறைக்குப் பின்னால் கறிக்கடை வேன் சேற்றில் மாட்டிக்கொண்டது. எனக்குத் தெரிந்த ஒரே விதத்தில் நான் போய் நின்றேன். படகு தள்ளுகிற மாதிரி தோளையும் நெற்றியையும் வண்டியில் ஒட்டி, தலையைக் கீழே போட்டேன். கடற்கரையில் அலை வந்து படகைத் தூக்கும் நேரம் பார்த்துத் தள்ளுவோம். இங்கே அலை ஏது? நானே “ஐலசா” என்று கத்தித் தள்ளினேன். வண்டி ஏறிவிட்டது. ஓட்டி வந்த மிஷேல் இறங்கி என் கால்களை உற்றுப் பார்த்து வேகமாக என்னென்னவோ சொன்னார். வண்டியை நெளித்துவிட்டேன் என்று திட்டுகிறார் என்று நினைத்து மூன்று தடவை “பர்தோன்” என்று மன்னிப்புக் கேட்டேன். செவ்வாய்க்கிழமை மைதானத்துக்கு வரச் சொல்கிறார் என்பதை உணவகத்தில் ஒருவர்தான் விளக்கினார். அப்போதும் நியாயம் கேட்கத்தான் கூப்பிடுகிறார் என்று நடுங்கிக்கொண்டே போனேன். மிஷேல்தான் ஊர் ரக்பி கிளப்பின் பயிற்சியாளராம். அவர் பூட்ஸ் கொடுத்தார்.

எட்டுப் பேரும் எட்டுப் பேரும் தோள்கோத்து முட்டித் தள்ளுவதுதான் இந்த ஆட்டத்தின் உயிர். பதினான்கு வருடம் அந்தக் கிளப்புக்குத் தள்ளினேன். என் பாஸ்போர்ட் இந்தியாவுடையது என்று தெரிந்து இந்திய அணியில் கூப்பிட்டார்கள். பதினோரு ஆட்டம். ஒரு கல்யாணத்தின் முதல் பந்திக்கு வருகிற அளவு கூட்டம்தான் பார்க்க வந்திருக்கும். ஆனாலும் தேசிய கீதம் ஒலித்தபோது எல்லோரையும்விட உரக்கப் பாடியவன் நான்தான். தலையைத் தூக்கு, தலையைத் தூக்கு என்று மிஷேல் கோட்டுக்கு வெளியே நின்று கத்தாத ஆட்டமே இல்லை. தள்ளும் நேரத்தில் என் தலை தானாகக் கீழே போய்விடும். பத்து வயதில் படகில் படிந்த பழக்கம். படகு திருப்பி முட்டாது, மனிதன் முட்டுவான் என்று எனக்கு உறைக்கவில்லை. மூன்று முறை நினைவில்லாமல் விழுந்தேன். டாக்டர் வந்து எத்தனை விரல் என்று கேட்பார். அவர் எப்போதும் மூன்றுதான் காட்டுவார் என்பது எனக்குத் தெரியும். பார்க்காமலே மூன்று என்று சொல்லி எழுந்து ஓடுவேன்.

இப்போது அதே மைதானத்தைப் பராமரிப்பதுதான் என் வேலை. புல் வெட்டுவது, கோடு போடுவது, ஜெர்சி துவைப்பது. இயல்பிலேயே நான் கவலைக்காரன், கேஸை மூன்று தடவை மூடிப் பார்ப்பவன். அதனால் சமீபத்தில் வந்த மறதியையும் முதலில் கவலை என்றே நினைத்துக்கொண்டேன். தீபாவளிக்கு முந்தைய வாரம் மைதானத்தின் கதவைப் பூட்டிவிட்டுத் திரும்பினேன். வீடு எந்தப் பக்கம் என்று தெரியவில்லை. தினமும் நடக்கிற வழி. சாவியைக் கையில் பிடித்தபடி, ஒரு பேருந்து வந்து எங்கள் தெருப்பக்கம் திரும்பி வழியைக் காட்டும்வரை அங்கேயே நின்றேன். யாரிடமும் சொல்லவில்லை. கையெழுத்துப் போட்டால் பெண்ணை அதே இடத்துக்கு அனுப்புகிறேன். போடாவிட்டால் ஏன் என்று கேட்பார்கள்.

அந்த நிலையில்தான் நானும் கயலும் மட்டும் திருவேட்டக்குடிக்குப் போயிருந்தோம். இரண்டாம் நாள் காலையில் என் தம்பி முருகேசனின் ஃபைபர் படகு கரைக்கு வந்தது. இழுக்கிற டிராக்டர் ரிப்பேர். கைகளால்தான் மேலே ஏற்ற வேண்டும். கயல் பேண்ட்டை மடித்துக்கொண்டு ஓடிப்போய் ஆண்களுக்கு நடுவில் நின்றாள். கழுத்து நேராக, தலை நிமிர்ந்து, கண் மேட்டைப் பார்த்தபடி தள்ளினாள்.

“தலைய கீழ போட்டு முட்டு புள்ள! ஒங்கப்பன் எப்படித் தள்ளுவான் தெரியுமா?” என்று முருகேசன் கத்தினான்.

“அப்பா தப்பா தள்ளுனாங்க சித்தப்பா!”

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். “பாத்தியாண்ணே, பிரான்சுலேந்து வந்து நமக்கே படகு தள்ளக் கத்துக்குடுக்குது!” என்றான் முருகேசன். படகு ஏறியதும் அவளைத் தனியே அழைத்துப்போய் உட்கார்ந்தேன்.

“தப்பா தள்ளுனேன்னு யாரு சொன்னா?”

“மிஷேல். உங்க பழைய வீடியோ வச்சிருக்காரு. எப்படித் தள்ளக்கூடாதுன்னு காட்ட உங்களத்தான் போடுவாரு.” சொன்ன பிறகுதான் என் முகத்தைப் பார்த்தாள். “கோவமாப்பா?”

“கயலு, எனக்கு ஒருநாள் வீட்டுக்கு வழி மறந்துபோச்சு.”

அவள் மணலைக் கிளறிக்கொண்டிருந்தாள். “கிளப்புல வாஷிங் மெஷின் ஜெர்சி இல்லாம ஓடிக்கிட்டிருந்துச்சு, ரெண்டு தடவ. நான்தான் உள்ள போட்டேன். நீங்க சொல்லுவீங்கன்னு இருந்தேன்.”

அவளே தொடர்ந்தாள். “போட வேணாம்னா போடாதீங்கப்பா. நான் அழுவேன், ஆனா ஒத்துக்குவேன். காரணத்த மட்டும் அம்மாகிட்ட சொல்லுங்க. டாக்டர்கிட்ட போங்க. எனக்குத் தலையில அடிபட்டா நானே வெளிய வந்துடுவேன். பாக்காம மூணுன்னு சொல்லமாட்டேன்.”

விரல் கதையை நான் எப்போதோ பெருமையாகச் சொல்லியிருக்கிறேன் போலிருக்கிறது.

இங்கே திரும்பிய மறுநாள் செல்வியிடம் சொன்னேன். அவள் அடுப்பை அணைத்துவிட்டு உட்கார்ந்தாள். “கேஸ மட்டும் மூணு தடவ பாக்கத் தெரியுது. இத இத்தன நாளு தனியா வச்சிருந்தீங்களா?” என்று கேட்டு என் நசுங்கிய காதைப் பிடித்துத் திருகினாள். திருகிய கையை எடுக்கவே இல்லை. அந்த வாரமே டாக்டரிடம் போனோம். ஐந்து வார்த்தைகள் சொல்லி, கொஞ்சம் கழித்துத் திருப்பிச் சொல்லச் சொன்னார். மூன்று வந்தது, இரண்டு வரவில்லை. வரவில்லை என்றே சொன்னேன். இன்னும் ஸ்கேன் எடுக்க வேண்டுமாம். மிஷேலிடமும் எல்லாவற்றையும் சொல்லிவிட்டு, அவர் மேசையிலேயே கயலின் காகிதத்தில் கையெழுத்துப் போட்டேன். கவலை தீர்ந்தது என்று சொல்லமாட்டேன். இப்போது அதைச் சுமக்க வீட்டில் மூன்று பேர் இருக்கிறோம்.

போன சனிக்கிழமை மைதானத்தில் வெள்ளைக்கோடு போட்டுக்கொண்டிருந்தேன். பெண்கள் பயிற்சியில் இருந்தார்கள். முருகேசனின் போன் வந்தது. ஊரிலிருந்து வரும் போனை நான் நல்ல காதில்தான் வைப்பேன், இடது காதில். “டிராக்டர் இன்னும் சரியாவலண்ணே, ஒரு நிமிசம் இரு” என்றவன் போனை அணைக்காமல் சட்டைப்பையில் போட்டுவிட்டான். கடல் இரைந்தது. ஆட்கள் சேர்ந்து ஐலசா, ஐலசா என்று கத்தினார்கள். அதே நேரத்தில் நசுங்கிய காதின் பக்கம் மிஷேலின் குரல், மங்கலாக: “ஃப்ளெக்ஸியோன், லியே, ஜெ!” மடங்கு, கோத்துக்கொள், முட்டு என்கிற கட்டளை. பெண்கள் முட்டினார்கள். முன்வரிசையில் கயலின் தலை நிமிர்ந்தே இருந்தது. எனக்கு முன்னால் தள்ளுவதற்கு ஒன்றுமில்லை. ஈரம் காயாத கோட்டுக்கு இருபுறமும் கால்களை ஊன்றி, இரண்டு காதுக்கும் பொதுவாக நின்றேன். குனியவில்லை.