எனக்குத் தெரியாத ஒன்பது நாட்கள்

என் மகளின் முதல் ஒன்பது நாட்களில் நான் இல்லை. பிரசவத்தில் ரத்தப்போக்கு நிற்காமல் மயங்கியவள் பத்தாம் நாள்தான் கண் விழித்தேன். அதற்குள் அவளுக்குத் தொப்புள்கொடி விழுந்திருந்தது. மஞ்சள் காமாலை வந்து போயிருந்தது. யாரோ கன்னத்தில் மைப்பொட்டு வைத்திருந்தார்கள். அந்த நாட்களைப் பற்றி எப்போது கேட்டாலும் கணவர், "நீ பொழச்சு வந்துட்டல்ல, அது போதும்" என்பார். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது.

மகளுக்கு மூன்று வயதானபோது, எங்கள் வானகரம் குடியிருப்பில் வேலைக்கு வரும் அக்காதான் அண்ணனூரில் இருக்கும் ஒரு குழுவைப் பற்றிச் சொன்னார். நினைவு தப்பிக் கிடந்தவர்களுக்கு அவர்கள் இழந்த நாட்களைத் தேடித் தருவார்களாம். ஜோசியம் போல ஏதோ என்று நினைத்தேன். இருந்தாலும் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை போனேன்.

ஜெராக்ஸ் கடைக்கு மேலே ஒரு அறை. கதவில் 'விட்டுப்போன நேரம் மீட்புக் குழு' என்று கையால் எழுதிய அட்டை. உள்ளே இரண்டே பேர். ஒருவர், ஆவடியில் ஒரு தொழிற்சாலையின் வருகைப்பதிவுப் பிரிவில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற அம்மா. இன்னொருவர் ஆட்டோ ஓட்டுநர். குழு எப்படித் தொடங்கியது என்று அவரே சொன்னார்.

"வண்டியோட கவுந்துட்டேன்மா. நாலு நாள் நெனப்பே இல்ல. இந்தம்மா வழக்கமா என் வண்டில வர்ற சவாரி. இந்தம்மாதான் ஆஸ்பத்திரி, போலீஸ் டேசன்லாம் ஏறி எறங்கி, யாரு தூக்கினு போனாங்க, யாரு ரத்தம் குடுத்தாங்க, அல்லாத்தையும் கேட்டு எய்திக் குடுத்துச்சு."

அந்த அம்மா என்னிடம் ஒன்றுதான் சொன்னார். "பார்த்தவங்க சொன்னதை மட்டும்தான் எழுதுவோம். யாரும் பார்க்கலைன்னா அந்த இடத்தைக் காலியா விட்டுடுவோம். சம்மதமா?"

தலையாட்டினேன். மருத்துவமனை, வார்டு, கட்டில் எண் எல்லாம் குறித்துக்கொண்டார்.

இரண்டு மாதம் கழித்து ஒரு நோட்டைக் கொடுத்தார்கள். வீட்டுக்குப் போகப் பொறுமையில்லாமல் ரயில் நிலையத்து பெஞ்சிலேயே உட்கார்ந்து படித்தேன். முதல் நாள், என் கணவர் சட்டையை உள்புறம் வெளியே தெரியப் போட்டுக்கொண்டு பகல் முழுக்கத் திரிந்ததாக வார்டு காவலாளி சொல்லியிருந்தார். மூன்றாம் நாள், டீக்கடைக்காரர் கொடுத்த பன்னைக் கையில் வைத்துக்கொண்டே தூங்கிவிட்டாராம். இரண்டாம் நாள் பிற்பகல் காலியாக இருந்தது. நான்காம் நாளில் இப்படி எழுதியிருந்தது: 'பாப்பா பாலாடையில் எதையும் குடிக்கவில்லை. அழுகை நிற்கவில்லை. நர்ஸ் சம்மதத்துடன் பக்கத்துக் கட்டில் பெண் வாங்கிப் பால் கொடுத்தார். ஒன்பதாம் நாள் வரை அவர்தான்.'

இரண்டு ரயில்களை விட்டுவிட்டேன். நன்றி தோன்றியிருக்க வேண்டும். தோன்றவில்லை. வயிறு எரிந்தது. எனக்குப் பால் சுரக்கவே இல்லை. அதற்காக மாதக்கணக்கில் அழுதவள் நான்.

வீட்டுக்கு வந்து அந்தப் பக்கத்தைக் கணவரிடம் காட்டினேன். வாங்கிப் படித்தார்.

"ஏன் சொல்லல?" என்று கேட்டேன்.

"பால் குடுக்க முடியலன்னு நீ அப்படி அழுத. அப்போ போய் இதை எப்படிச் சொல்றது? அப்புறம், நாள் ஆக ஆகச் சொல்ல முடியாமயே போயிடுச்சு."

அந்தப் பெண்ணிடம் குழுவினர் முன்பே கேட்டு, சம்மதம் வாங்கித்தான் முகவரி தந்திருந்தார்கள். அம்பத்தூர் தொழிற்பேட்டைக்குப் பின்னால் ஒரு சந்தில் மாடிவீடு. கணவர் கீழே பைக்கருகில் நின்றுகொண்டார். நான் மகளோடு படியேறினேன்.

கதவைத் திறந்தவளுக்கு என்னைவிட வயது குறைவு. என்னைப் பார்க்கவே இல்லை. குனிந்து மகளின் முகத்தை இரு கைகளாலும் ஏந்தினாள்.

"இன்னாடி, இம்மாம் பெர்சாயிட்டியா!"

"உங்களுக்கு எப்படி நன்றி சொல்றதுன்னே..." என்று தொடங்கினேன்.

"அட, நீ வேறக்கா. எம் புள்ள கொறமாசம். கண்ணாடிப் பொட்டில கெடந்தான். உறிஞ்சக்கூடத் தெம்பில்ல. எனக்குப் பால் கட்டிகினு ஒரே வலி. உம் பொண்ணு வந்து குடிச்சப்பதான் உசுரே வந்துச்சு. அவனுக்கும் எதுனா செய்ற மாரியே இருந்துச்சு."

அவள் மகன் உள்ளேயிருந்து ஓடிவந்தான். மெலிந்த, துறுதுறுப்பான பையன். என் மகள் கையிலிருந்த பிஸ்கட்டில் பாதியைக் கேட்காமலேயே பிடுங்கிக்கொண்டான். அவள் அழவில்லை.

"குடிக்கும்போது எப்படி இருப்பா?" என்று கேட்டேன். நோட்டில் அது இல்லை.

அவள் சிரித்தாள். "ஒரு கால ஆட்டிக்கினே குடிக்கும். நிறுத்தினா தூங்கிடுச்சுன்னு அர்த்தம். அப்புறம் எம் முந்தானையப் புடிச்சா உடாது. கன்னத்துல மை வெச்சதும் நான்தான்க்கா."

இன்னும் சொல்லச் சொன்னேன். எரிச்சல் எப்போது போனதென்று தெரியவில்லை.

கடைசியில் அவளே சன்னல் வழியாக எட்டிப் பார்த்து, கீழே நின்றவரை அடையாளம் கண்டுகொண்டாள். "இன்னாண்ணா, அன்னைக்கும் வாயத் தொறக்கல, இன்னிக்கும் ரோட்லயே நிக்கிற? மேல வாண்ணா!"

அவர் வந்தார். வாசலில் செருப்பைக் கழற்றக் குனிந்தவர் நிமிரவில்லை. தோள்கள் குலுங்கின. மூன்று வருடத்தில் அவர் அழுது நான் பார்த்ததில்லை. நான் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டேன். அந்தப் பெண் டீ போட உள்ளே போனாள்.