மாமா என்றால் மாமாதான்

பெர்லினில் தெருவோரம் கேமராவை நிறுத்தினால் யாரும் நின்று பார்ப்பதில்லை. தெரியாமல் குறுக்கே வந்துவிட்டவர்கூட 'என்ட்ஷுல்டிகுங்' என்று மன்னிப்புக் கேட்டுவிட்டு விலகிப் போகிறார். ஊரில் இருக்கும் உங்களுக்கு இது மரியாதையாகத் தெரியலாம். 2004இல் கல்யாணமாகிச் சிதம்பரத்திலிருந்து இங்கே வந்த எனக்கு அவமானமாகத்தான் இருந்தது. 2010இல் என் முதல் படத்தைக் கடலூரில் எடுத்தபோது, ஓ.டி. என்கிற பழைய டவுனின் கடைத்தெருவில் கூட்டத்தை விலக்கவே பாதி நாள் போனது. "ஹீரோயின் எங்க?" என்று கேட்டவர்களுக்கு, ஷேர் ஆட்டோவில் உட்கார்ந்திருந்த ஸ்டெல்லாவைக் காட்டினால் நம்பவில்லை. அண்ணாமலை நகரில் என்னோடு படித்தவள். இப்போது கணக்கு டீச்சர். அவளை மனதில் வைத்துத்தான் கதையையே எழுதினேன். கணவனின் ஆட்டோவைத் தானே ஓட்டத் தொடங்கும் ஒருத்தியின் கதை. "மாமா, நீ பின்னாடி ஒக்காரு, நான் ஓட்டுறேன்" என்று அவள் சொல்லும் இடம்தான் படத்தின் உயிர்.

சப்டைட்டிலில் 'மாமா' வரும் இடத்திலெல்லாம் உறவுமுறை மாமாவைக் குறிக்கும் ஜெர்மன் சொல்லையே போட்டிருந்தேன். பெர்லினில் முதல் திரையிடல் முடிந்ததும் ஒரு பெண்மணி எழுந்து, "அவள் தன் மாமாவையா கல்யாணம் செய்திருக்கிறாள்?" என்று கவலையோடு கேட்டார். "இல்லை, கணவனை அப்படிக் கூப்பிடுவோம்" என்றேன். அதோடு நிறுத்தாமல், "மாமாவைக் கட்டுவதும் உண்டு" என்று சொல்லித் தொலைத்தேன். படத்தை வாங்க வந்திருந்த தொலைக்காட்சிக்காரர் அதைப் பிடித்துக்கொண்டார். சப்டைட்டிலில் 'மாமா'வை எடுத்துவிட்டு 'அன்பே' என்று போட்டால் கையெழுத்திடுவதாகச் சொன்னார். அலுவலக வேலை பார்த்துக்கொண்டே வருடக்கணக்கில் எழுதி, நானே இயக்கிய படம். வேறு யாரும் கேட்டு வரவில்லை. ஆனாலும் கணவனை 'அன்பே' என்று கூப்பிடுகிற பெண்ணை நான் கடலூரில் பார்த்ததில்லை. "கொஞ்ச நேரம் குழம்பட்டும். தானாகப் புரியும்" என்றேன். அவர் போய்விட்டார். ரயிலில் வீடு திரும்பும்போது படத்துக்குச் செலவான பணத்தைக் கூட்டிப் பார்த்தேன். ஆனால் சொன்னதை மாற்றிக்கொள்ளத் தோன்றவில்லை. சில மாதம் கழித்து ஒரு சின்னத் திரையரங்கு 'மாமா'வோடேயே படத்தை எடுத்துக்கொண்டது. படம் முடிந்து வெளியே வந்த பெண்கள் தங்கள் கணவன்மாரை 'மாமா' என்று கூப்பிட்டுப் பார்த்துச் சிரித்ததை என் காதால் கேட்டேன்.

2012இல் சிதம்பரத்தில் ஒரு கல்யாண மண்டபத்தில் திரையிட்டோம். கையில் இருந்தது ஜெர்மன் சப்டைட்டில் போட்ட பிரதிதான். யாரும் அதைச் சட்டை செய்யவில்லை. ஸ்டெல்லா ஆட்டோவைக் கிளப்பியதும் விசில் பறந்தது. பெர்லின்காரர்கள் அமைதியாகப் பார்த்த இடங்களிலெல்லாம் இங்கே சிரிப்பு. பக்கத்தில் இருந்த ஸ்டெல்லா என் கையைக் கிள்ளினாள்.

"என்னாடி, எல்லாரும் என் மூஞ்சியப் பாக்குறாங்க, நீ மட்டும் கீழ என்னாத்தப் பாத்துக்கினு இருக்க?"

அப்போதுதான் கவனித்தேன். தமிழ் என் காதில் விழுந்துகொண்டிருந்தது. கண் மட்டும் திரையின் அடியில் ஜெர்மனைப் படித்துக்கொண்டிருந்தது, அவள் பேசுவதில் ஒரு சொல்லும் விட்டுப்போய்விடக் கூடாதே என்று.