சாத்துக்குடிச் சதி

உத்தமபாளையத்தில் நான் பி.எஸ்சி. வேதியியல் முடித்த கையோடு, பெண் பார்க்க வருகிறார்கள் என்று அப்பா சொன்னார். மதுரைக்குப் போய் எம்.எஸ்சி. படிக்க வேண்டும் என்று நான் மூன்று வருடமாகத் திட்டம் போட்டு வைத்திருந்தேன். மனதுக்குள் மட்டும். அப்பாவிடம் சொல்ல வாய் வரவில்லை. வாய் வராதவளுக்கு வேதியியல் வந்தது.

சாத்துக்குடி வகைப் பழங்களில் லிமோனின் என்றொரு கசப்புப் பொருள் உண்டு. உரித்துத் தின்றால் தெரியாது. பிழிந்து வைத்தால்தான், சாற்றின் புளிப்புப் பட்டு மணிக்கணக்கில் மெல்லக் கசப்பு ஏறும். பரீட்சைக்கு நெட்டுரு போட்டதில் வாழ்க்கைக்கு உதவப்போவது இது ஒன்றுதான் என்று நினைத்தேன்.

போடியிலிருந்து அவர்கள் நாலு மணிக்கு வருவதாக ஏற்பாடு. நான் காலை ஒன்பதுக்கே சாத்துக்குடிகளை விதையோடு மிக்சியில் அடித்து வடிகட்டி வைத்துவிட்டேன். "எம்புட்டுப் பொறுப்பு பாரு" என்று அம்மா பக்கத்து வீட்டில் போய்ப் பெருமை பேசினாள். பாவம்.

சாயங்காலம் டம்ளர்களை நீட்டினேன். மாப்பிள்ளை ஒரு வாய் குடித்துவிட்டுச் சுவர்க் காலண்டரை வெறித்தார். அவருடைய அம்மா முந்தானையால் வாயைத் துடைத்துக்கொண்டே இருந்தார். எனக்கு உள்ளுக்குள் குலவை.

மாப்பிள்ளையின் அப்பா மட்டும் டம்ளரைக் காலி செய்துவிட்டு இன்னொன்று கேட்டார்.

"எனக்குச் சுகர்னு இந்த வீட்டுல யாரோ சொல்லிருக்காக போல. மத்த வீட்டுலயெல்லாம் சீனிய அள்ளிக் கொட்டுறாக. இந்தப் புள்ளதான் பாகற்காச் சாறு கணக்கா குடுத்திருக்கு. இன்னைக்கே பூ வச்சிருவோம்."

அப்பாவுக்கு முகமெல்லாம் பல். பூவை எடுக்க அந்த அம்மா பைக்குள் கைவிட்டதும், எனக்கிருந்த பயமெல்லாம் எங்கே போனதோ.

"நான் வேணும்னுதான் கசக்க வச்சேன். மதுரையில போய்ப் படிக்கணும்னு மூணு வருசமா ஆசை."

வந்தவர்கள் மரியாதையாகவே கிளம்பிப் போனார்கள். அப்பா வாசல் கதவைச் சாத்திவிட்டு என் பக்கம் வந்தார். அடி விழும் என்று நின்றிருந்தேன்.

"மூணு வருசமா எங்கிட்ட ஏன் சொல்லல?"

"வேண்டாம்னு சொல்லிருவீகன்னு பயம்."

"நான் எப்ப ஆத்தா அப்படிச் சொன்னேன்?"

எவ்வளவு யோசித்தும் அப்படி ஒரு நாள் ஞாபகத்துக்கு வரவில்லை. அடித்திருந்தால்கூட அவ்வளவு வலித்திருக்காது. அப்பா மிச்சமிருந்த ஜூஸை ஒரு சொம்பில் ஊற்றிக்கொண்டு வந்து என் முன்னால் வைத்தார்.

"இதைக் குடிச்சுப்புட்டு, மதுரைக்குப் போற வழியப் பாரு."

ஒரு சொட்டு மிச்சம் வைக்காமல் குடித்தேன்.