பவளந்தின்னி

கடலைக் கரையில் நின்று பார்த்தவர்கள் எங்கள் தெருவில் நிறையப் பேர் உண்டு. நெய்த புடவைக் கட்டுகளை எடுத்துக்கொண்டு மெட்ராஸுக்குப் போகிறவர்கள், ரயிலுக்கு நேரமிருந்தால் பீச்சுக்கும் போய்க் காலை நனைத்துக்கொண்டு வருவார்கள். ஆனால் கடலுக்குள் தலையை விட்டுப் பார்த்தவர் என் சித்தப்பா ஒருவர்தான். அவருக்கு நீச்சல் என்று தெரிந்ததெல்லாம், முதுகில் காலி டின்னைக் கட்டிக்கொண்டு கிணற்றில் மிதந்ததுதான். நகரி ஆற்றில் நீந்திப் பழகலாம் என்றால் அதில் தண்ணீர் வருவதே அதிசயம்.

அப்போதெல்லாம் நூல் விலை காலையில் ஒன்றும் சாயங்காலம் ஒன்றுமாக இருந்தது. தெருவில் ஒரு தறி நின்றால் அந்த வீட்டுக்கு ஒரு பாஸ்போர்ட் வரும். மற்றவர்கள் குவைத்துக்குப் போனார்கள். திருப்பதி ஏஜெண்டு ஒருவர் சித்தப்பாவுக்கு மட்டும் மாலத்தீவைக் காட்டினார். தீவில் ஒரு ஓட்டல், அதில் துணி துவைக்கிற வேலை. என் அப்பாவுக்கு, நைனாவுக்கு, இது கொஞ்சமும் பிடிக்கவில்லை. நெய்கிற கை துவைக்கப் போகிறதே என்று ஒரு வாரம் யாரோடும் சரியாகப் பேசவில்லை. சந்தோஷப்பட்டது அத்தை மட்டும்தான்.

அதற்குக் காரணம் செவ்வாய். அத்தை ஜாதகத்தில் செவ்வாய் உட்காரக் கூடாத இடத்தில் உட்கார்ந்துகொண்டு, எழுந்திருக்க மாட்டேன் என்று அடம்பிடித்துக்கொண்டிருந்தார். பார்க்க வருகிறவர்கள் பஜ்ஜியை நன்றாகச் சாப்பிடுவார்கள், அத்தையை அழகு என்பார்கள், ஜாதகத்தை வாங்கிக்கொண்டு போவார்கள். அதோடு சரி. புத்தூர் ஜோசியர் பவளம் போடச் சொன்னார். கடைப் பவளத்தில் பாதி கண்ணாடி என்று நைனா தயங்கினார். அப்போதுதான் சித்தப்பா சொன்னார்.

“கடையில எதுக்குண்ணா வாங்கணும்? நான் போற தீவே பவளத்து மேலதான் கீதாம். தங்கச்சிக்கு நானே கொண்டாறேன்.”

பவளத்தின் மேல் ஒரு தீவு! நான் சிவப்புச் சிவப்பாக ஒரு மலையையும், அதன் உச்சியில் சித்தப்பா வேட்டி துவைப்பதையும் மனதில் பார்த்துக்கொண்டேன். அத்தையும் ஏறக்குறைய அப்படித்தான் பார்த்திருக்க வேண்டும். வந்த வரன்களிடமெல்லாம் ‘பவளம் வருகிறது, நேராகக் கடலிலிருந்து வருகிறது’ என்று சொல்லி வைத்தாள்.

சித்தப்பா திரும்பி வந்தது ஒரு வியாழக்கிழமை. அந்த ஞாயிற்றுக்கிழமை காளஹஸ்தியிலிருந்து ஒரு வரன் வருவதாக இருந்தது. மாப்பிள்ளையின் அம்மா தோஷங்களில் கரை கண்டவள். பரிகாரத்துக்கென்றே ஜனம் வந்து இறங்குகிற ஊரில் பிறந்து வளர்ந்தவளிடம் சாக்குப்போக்குச் சொல்ல முடியாது. அத்தைக்கு வயது ஏறிக்கொண்டிருந்தது. இதுவும் போனால் இனி யாரும் வரமாட்டார்கள் என்று அம்மா அடுப்படியில் முணுமுணுத்தாள்.

சித்தப்பா ஆளே மாறியிருந்தார். கறுத்து, கொஞ்சம் இளைத்து, வெளிநாட்டு சோப்பு வாசனையோடு இருந்தார். சோற்றை ஸ்பூனால் சாப்பிட்டார். அதையும் சின்னப்பிள்ளை மாதிரி மொத்தக் கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு! தறியில் இழை அறுந்தால் கண் மூடித் திறப்பதற்குள் முடிச்சுப் போடுகிறவர், இப்போது தறிப் பக்கமே திரும்பவில்லை. நைனா கூப்பிட்டதற்கு, “ஃபாரின் ரிட்டனுண்ணா நான், நூலு கீலு தொடமாட்டேன்” என்று சிரித்தார். எனக்குப் பெருமை தாங்கவில்லை. எங்கள் சித்தப்பா ஸ்பூனால்தான் துன்னுவார் என்று பள்ளிக்கூடம் முழுக்கச் சொல்லி வைத்தேன்.

வந்த அன்றே சாயங்காலம் பெட்டியைத் திறந்தார். சோப்பு, ஆரஞ்சுப் பொடி, அம்மாவுக்கு ஒரு பூப்போட்ட குடை, எனக்குக் குதிகாலில் விளக்கு எரிகிற செருப்பு. எல்லாம் வந்துவிட்டது. அத்தை ஒன்றையும் தொடவில்லை. கடைசியில் ஒரு பிஸ்கட் டின்னை எடுத்து நடுவில் வைத்து மூடியைத் திறந்தார். குப்பென்று கருவாட்டு நாற்றம். உள்ளே சாப்பாட்டுத் தட்டு அகலத்துக்கு ஏதோ ஒன்று காய்ந்து கிடந்தது. சுற்றிலும் கைகள். எண்ண முடியாத கைகள். கைகள் முழுக்க முள்.

“தொடாத, தொடாத! வெசம்!” என்று என் கையைத் தட்டிவிட்டார். “நட்சத்திர மீனு. மீனுன்னு பேருதான், மீனில்ல. பவளத்து மேல ஏறிக் குந்திக்கினு, வயித்தையே வாய் வழியா வெளிய தள்ளும். அப்டியே துன்னுட்டு எழுந்து போவும். அது போன எடம் எலும்பு மாதிரி வெள்ளையா கெடக்கும். ஒண்ணு ரெண்டு வந்தா பரவால்ல. கூட்டமா வந்துச்சினா தீவச் சுத்திக் கீற பவளமே காலி. அப்புறம் ஓட்டலுக்கு எவன் வருவான்? அலைய யாரு தடுப்பா? அதான் துவைக்கிற எங்களையும் தண்ணில எறக்கி வுட்டானுங்க. வெட்டிப் போட்டா துண்டுகூட பொழச்சிக்கும், அதனால கொக்கியில குத்தி எடுத்தாந்து கரையில பொதைப்போம்.”

நாங்கள் வாயைப் பிளந்து கேட்டோம். நைனாவின் முகம்தான் இறுகிக்கொண்டே வந்தது.

“அதெல்லாம் சரி. பவளம் எங்கடா?”

சித்தப்பா டின்னைப் பார்த்தார். “எடுக்கக் கூடாதுண்ணா. ஏர்போர்ட்ல புடிச்சிருவான். அதுவுமில்லாம அது கல்லு இல்லண்ணா, உசிரு. நம்ம பக்கம் போடற செவப்புப் பவளம் அங்க மொளைக்கவும் இல்ல.”

அத்தை எழுந்துவிட்டாள். கண் நிறையத் தண்ணீர், குரல் நிறையக் கோபம். “செவ்வாய்க்கு மருந்து கேட்டா சனியனக் கொண்டாந்து வெச்சிகீறியே சின்னண்ணா! ஊரெல்லாம் சொல்லி வெச்சிகீறேனே, ஞாயித்துக்கெழம இன்னா பண்ணுவேன் நான்?”

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சித்தப்பாவும் சிரித்தார். “அழாதடி, நீ பரவால்ல. என்கூட ஒருத்தன் இருந்தான். தங்கச்சிக்குப் பவளம் வோணும்னு யாருக்கும் தெரியாம பவளத்துக்கடியில கைய வுட்டான். இது அங்க ஒளிஞ்சிக்கினு இருந்துச்சி. மூணு நாளு வாந்தியெடுத்துக்கினு கெடந்தான் பாவம்” என்று, வாந்தி எடுப்பதுபோல நடித்தும் காட்டினார். நான் விழுந்து விழுந்து சிரித்தேன்.

அத்தை சிரிக்கவில்லை. சட்டென்று அவர் பக்கத்தில் குந்தி, அவருடைய வலது கையை இழுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். விரல்களை ஒவ்வொன்றாக மடக்கப் பார்த்தாள். நடுவிலிருந்த விரல்கள் பாதிக்கு மேல் மடங்கவில்லை. சித்தப்பா கையை உருவிக்கொண்டு, “ஆரஞ்சுப் பொடி கரைடி, எல்லாருக்கும் குடு” என்றார். அத்தை உள்ளே போனாள். வெகுநேரம் முகம் கழுவுகிற சத்தம் கேட்டது. முள்ளைப் பார்த்துப் பயந்துவிட்டாள் என்று நினைத்தேன்.

ஞாயிற்றுக்கிழமை காளஹஸ்தி அம்மாள் வந்தாள். பஜ்ஜியைத் தொடவில்லை. “பகடம் எக்கட?” என்று தெலுங்கில் ஆரம்பித்து, “பவளம் வந்துச்சாமே, காட்டுங்க” என்று தமிழில் முடித்தாள். நைனா பஜ்ஜித் தட்டை அவள் பக்கம் நகர்த்தினார். அதற்குள் அத்தை காபித் தட்டு இருக்க வேண்டிய கையில் பிஸ்கட் டின்னோடு வந்து நின்றாள்.

“பவளம் இல்லீங்க. எங்கண்ணன் கொண்டார்ல. இது பவளத்தையே துன்றது. பவளம் செவ்வாய அடக்கும்னா, பவளத்தையே துன்றது எத்த எத்த அடக்கும்னு நீங்களே சொல்லுங்க.”

அப்பப்பா, அந்த அம்மாள் முகத்தைப் பார்க்க வேண்டுமே! அவளுக்குத் தெரிந்த பரிகாரங்களில் இதற்கு இடமே இல்லை. குனிந்து பார்த்தாள். நிமிர்ந்து அத்தையைப் பார்த்தாள். மறுபடி குனிந்தாள். மாப்பிள்ளை, அம்மாவுக்குத் தெரியாமல் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக்கொண்டிருந்தார்.

“தேவுடா, இன்னா முள்ளு, இன்னா முள்ளு” என்றாள் கடைசியில். “இத்த வாசப்படில கட்டினா திஷ்டிக்கு எவ்ளோ நல்லா இருக்கும்! பொண்ணோட இத்தையும் குடுத்துர்றீங்களா?”

கல்யாணம் நிச்சயமானது அப்படித்தான். பவளத்துக்கு எமனாக இருந்தது, பிற்பாடு காளஹஸ்தியில் ஒரு வாசற்படிக்கு மேல், கற்றாழைக்குப் பக்கத்தில், வெகுகாலம் தொங்கியது. அதன் கீழே நடந்துபோன எவருடைய கண்ணும் அத்தை மேல் பட்டதில்லை என்பது அவள் மாமியாரின் கட்சி.

கல்யாணப் பந்தியில் அத்தையும் மாப்பிள்ளையும் நடுவில் உட்கார்ந்தார்கள். பக்கத்தில் சித்தப்பா. அவர் ஸ்பூனை எடுத்ததும் மாப்பிள்ளை வீட்டுப் பையன்கள் பிடித்துக்கொண்டார்கள். “இன்னாபா தொரை, கை வலிக்குமா? அஞ்சு விரலு இருந்து இன்னா பிரயோஜனம்?” என்று ஒரே கூச்சல். பந்தி முழுவதும் திரும்பிப் பார்த்தது. சித்தப்பா சிரித்துக்கொண்டே ஸ்பூனைக் கீழே வைத்துவிட்டார். இலையில் சாம்பார் ஓடி, ஓரத்தைத் தொட்டுக்கொண்டிருந்தது. அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அத்தை தன் தலையிலிருந்த பூச்சரம் சரிய எட்டி, பரிமாறுகிறவனின் ஊறுகாய் வாளியிலிருந்து ஸ்பூனை எடுத்தாள். தாலி ஏறிய அன்று, அத்தனை பேருக்கு முன்னால், மொத்தக் கையால் அதை இறுக்கிப் பிடித்துச் சோற்றை அள்ளி வாயில் போட்டுக்கொண்டாள்.

“எங்க வீட்ல இப்டித்தான் துன்னுவோம்” என்றாள். “துன்னு சின்னண்ணா.”

பந்தியே வெடித்துச் சிரித்தது. மணப்பெண்ணைப் பார்ப்பதா, சாப்பிடுவதா என்று யாருக்கும் தெரியவில்லை. சித்தப்பாவின் பக்கம் அதன் பிறகு ஒருவரும் திரும்பவில்லை. அவர் குனிந்து சாப்பிட்டார். அத்தைக்கும் வெளிநாட்டு நாகரிகம் வந்துவிட்டது, எனக்கு மட்டும் இல்லையா என்று, “எனக்கும் ஸ்பூனு வோணும்!” என்று நான் பந்தியில் எழுந்து நின்று கத்தினேன்.