வெற்றிலைக் கறை என்று நினைத்தது

"ஸ்டேஷனுக்கு வராதம்மா. ஆட்டோல வந்துக்கறேன்" என்று மகள் அனுப்பியிருந்தாள். ஆயுத பூஜை விடுமுறைக்கு அவள் கோவையிலிருந்து வர இன்னும் பன்னிரண்டு நாள் இருந்தது. ரயில் டிக்கெட்கூட உறுதியாகவில்லை. அதற்குள் ஆட்டோ உறுதியாகிவிட்டது.

"சரி" என்று பதில் போட்டேன். பிறகு ஜன்னல் வழியாக வாசலில் நின்ற காரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இனி அவள் அதில் என்னோடு ஏறுவாளா, மாட்டாளா? நான்கு மாதமாக எனக்கு இருந்த ஒரே கேள்வி அதுதான். அவளிடம் நேராகக் கேட்கத் தைரியம் வரவில்லை.

நான் ஒரு கல்லூரியில் நூலகர். கணவருக்கு மஸ்கட்டில் வேலை. வெள்ளிக்கிழமைகளில் பேசுவார். மகள் விடுதிக்குப் போன பிறகு ஸ்ரீரங்கத்து வீட்டில் நான் மட்டும். சாயங்காலம் கதவைத் திறந்தால் காலையில் நான் வைத்த டம்ளர் வைத்த இடத்திலேயே இருக்கும். அதை நகர்த்தக்கூட ஆள் இல்லாத வீடு எப்படியிருக்கும் என்பது அதுவரை எனக்குத் தெரியாது.

நடந்தது வைகாசியில். துறையூரில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டு மத்தியானம் திரும்பிக்கொண்டிருந்தோம். நான் ஓட்ட, அவள் பக்கத்தில் உட்கார்ந்து பாட்டு மாற்றிக்கொண்டே வந்தாள். மண்ணச்சநல்லூர் வருவதற்கு முன்னால் வெப்பமானியின் முள் சிவப்புக் கோட்டைத் தொட்டது. ஓரம் கட்டினேன். நிழலே இல்லாத இடம். பானெட்டைத் திறந்ததும் ஆவி வந்தது. நான் பயந்துபோய்க் கையில் போனை வைத்துக்கொண்டு யாரைக் கூப்பிடுவது என்று தேடிக்கொண்டே, "தண்ணி பாட்டில் இருக்கு பாரு, சீக்கிரம் ஊத்தும்மா" என்று அவளிடம் சொன்னேன்.

குக்கரில் ஆவி அடங்காமல் மூடியைத் திறக்காதே என்று அவளுக்கு ஆயிரம் முறை சொன்னவள் நான். அவள் என் பேச்சைக் கேட்டுத் துப்பட்டாவைச் சுற்றிக்கொண்டு எஞ்சினைக் குளிர்விக்கும் தண்ணீர்த் தொட்டியின் மூடியைத் திருகினாள். கொதிக்கும் நீர் பீறிட்டது. இடது முன்கையும் கழுத்தின் ஒரு பக்கமும் வெந்தன. அவள் போட்ட சத்தத்தை நான் இங்கே எழுதப் போவதில்லை.

ஆறிவிட்டது. கையில் ஒரு உள்ளங்கை அளவுக்குத் தோல் வேறு நிறமாக இருக்கிறது. ஒரு தடவைகூட அவள் என்னைக் குற்றம் சொல்லவில்லை. ஆஸ்பத்திரிக்குக் கட்டு மாற்றப் போகும்போதெல்லாம் "ஆட்டோல போலாம்மா" என்பாள், அவ்வளவுதான். ஆடியில் விடுதிக்குப் புறப்பட்டபோதும் ஆட்டோவில்தான் திருச்சி ஜங்ஷனுக்குப் போனாள்.

அன்றைக்கு வழியில் வந்து பார்த்த மெக்கானிக், குழாயின் கிளிப் தளர்ந்திருக்கிறது என்று முறுக்கிவிட்டு, வெறும் தண்ணீரை ஊற்றி வண்டியை வீட்டில் கொண்டுவந்து சேர்த்தார். இரண்டு மாதம் அது உறைக்குள் நின்றது. "வித்துடேன் அந்த சனியன" என்றார் கணவர் போனில். விற்றுவிட்டால் என்ன ஆனது என்று தெரியாமலே போய்விடும். தெரியாவிட்டால் அவளிடம் என்னவென்று சொல்வது? ஆவணியில் மறுபடியும் ஓட்ட ஆரம்பித்தேன். தனியாக, கல்லூரிக்கு மட்டும், கண்ணை முள்ளின் மேலேயே வைத்துக்கொண்டு. தொட்டியில் நீர் நிற்கும் மட்டத்தை மார்க்கர் பேனாவால் கோடு போட்டு வைத்தேன். வாரத்துக்கு ஒரு விரற்கடை இறங்கியது.

அவள் செய்தி வந்த மறுநாள் தென்னூரில் ஒரு பட்டறைக்குப் போனேன். கல்லூரியில் உடன் வேலை பார்ப்பவர் சொன்ன இடம். ஆயுத பூஜைக்கு முன்னால் வண்டியைச் சரிசெய்துகொள்ள வந்தவர்களால் இடமே இல்லை. பட்டறைக்காரருக்கு என் வயதுதான் இருக்கும். எல்லோரும் "பாய்" என்றார்கள். நானும் அப்படியே கூப்பிட்டேன்.

"தண்ணி கொறையுது பாய். ஆனா எங்க போகுதுன்னு தெரியல."

"கீழ சொட்டுதா?"

"ஒரு சொட்டு கெடையாது. தெனமும் எட்டு மணிக்குக் காலேஜுக்குக் கெளம்பறப்ப குனிஞ்சு பாக்கறேன். தரை காஞ்சு கெடக்கு."

அவர் முகம் மாறியது. "கீழ சொட்டலன்னா உள்ள குடிக்குதுன்னு அர்த்தம்மா. எஞ்சினையே பிரிக்க வேண்டி வரும். இருங்க, அவசரப்பட வேணாம். மொதல்ல காத்து அடிச்சுப் பாக்கலாம்."

தொட்டியின் மூடியைக் கழற்றிவிட்டு அந்த வாயில் ஒரு கைபம்பைப் பொருத்தினார். அவர் மூடியில் கை வைத்தபோது நான் இரண்டடி பின்னால் போயிருந்தேன். "ஆறிப்போன வண்டிம்மா, ஒண்ணும் பண்ணாது" என்றார் திரும்பிப் பார்க்காமலே. பம்பை அடித்ததும் அதன் முள் ஏறி நின்றது. இருவரும் அதையே பார்த்தோம். பத்து நிமிடத்தில் அது கொஞ்சம் இறங்கியது. ஆனால் எங்கும் ஈரம் தெரியவில்லை.

பிறகு எஞ்சினை ஓடவிட்டார். விசிறி சுழல ஆரம்பிக்கும்வரை சூடாக்கினார். ஒரு சின்னக் கண்ணாடியைத் தொட்டியின் பின்பக்கம் நுழைத்து, டார்ச் அடித்துப் பார்த்தவர், செய்தித்தாளைக் கிழித்து அந்த இடுக்கில் செருகி எடுத்தார். ஓரம் நனைந்திருந்தது.

"சிக்கிட்டான்" என்றார். "இங்க வாங்கம்மா. பயப்படாதீங்க, மூடிய தொடல. பின்னால ஒட்டு இருக்குல்ல, அதுல முடி மாதிரி ஒரு கீறல். ஆறிக் கெடந்தா வாயத் தொறக்காது. சூடாகி உள்ள அழுத்தம் ஏறுனாத்தான் விரியும். பழைய பிளாஸ்டிக்கு, நம்ம ஊரு வெயிலு. சுத்தி பாருங்க, ரோஸ் கலர்ல பொரிஞ்சு காஞ்சிருக்கு. முன்னாடி வெறும் தண்ணிக்குப் பதிலா கூலன்ட் இருந்தப்ப கசிஞ்சது. ரொம்ப நாளாவே ஒழுகுது."

"எஞ்சினப் பிரிக்க வேண்டாமா?"

"டேங்க் மாத்தினா போதும். ஆனா ஒண்ணு, நீங்க சாயங்காலம் வண்டிய நிறுத்தினதும் ஒரு அரைமணி நேரமாவது சொட்டியிருக்கணுமே. எங்க நிறுத்துவீங்க?"

"வாசல்லதான்."

"வாசல்லன்னா… காலைல தண்ணி தெளிப்பீங்களா?"

"தெளிப்பேன். வண்டிக்கு அடியிலயும் சேத்துத்தான்."

"அப்படிப் போடுங்க!" என்று சிரித்தார். "வண்டி ராத்திரி எழுதி வைக்குது, நீங்க காலைல அழிச்சிடறீங்க. எட்டு மணிக்கு வந்து பாத்தா தரை காஞ்சிருக்காம்!"

பட்டறையில் இன்னும் இரண்டு பேர் சிரித்தார்கள். அவருக்கு வைகாசியில் நடந்தது தெரியாது. நான் பக்கத்திலிருந்த ஸ்டூலில் உட்கார்ந்துகொண்டேன்.

எனக்குப் பங்குனி நினைவுக்கு வந்தது. விடியற்காலையில் வாசல் தெளிப்பேன். இருட்டில் தரையின் நிறம் தெரியாது. ஆனால் ஒரு ஞாயிற்றுக்கிழமை நேரம் கழித்து எழுந்தபோது, கோலம் போடும் இடத்துக்குப் பக்கத்தில், காரின் முன்பக்கத்தை ஒட்டி, சிவப்பாக ஒரு திட்டு. யாரோ வெற்றிலை போட்டுத் துப்பிவிட்டுப் போயிருக்கிறார்கள் என்று நினைத்தேன். கோயிலுக்கு வருகிறவர்கள் போகிறவர்கள் நடமாடுகிற தெரு. அடுத்தடுத்து இரண்டு ஞாயிறு அதே இடத்தில் அதே கறை. ஆத்திரத்தோடு இன்னும் ஒரு வாளித் தண்ணீர் ஊற்றி விளக்குமாற்றால் தேய்த்துக் கழுவினேன். மகளிடம் புலம்பித் தீர்த்தேன். அவள் சிரித்துக்கொண்டே ஒரு அட்டையில் "இங்கே எச்சில் துப்பாதீர்கள்" என்று ஸ்கெட்ச் பேனாவால் எழுதி, துப்பினால் என்ன ஆகும் என்பதற்கு முறைத்துப் பார்க்கும் ஒரு கண்ணையும் வரைந்து, சுவரில் ஒட்டினாள். அந்த அட்டை இன்னும் அங்கேதான் இருந்தது.

மூன்று முறை அந்தக் கறை கண்ணில் பட்டது. மூன்று முறையும் கையால் தேய்த்துக் கழுவியிருக்கிறேன். ஒரு தடவை குனிந்து, அது எங்கிருந்து விழுகிறது என்று மேலே பார்த்திருந்தால்?

புதுத் தொட்டி வர இரண்டு நாள் ஆகும் என்றார். மூன்றாம் நாள் அரை நாள் விடுப்பு போட்டுவிட்டுப் போனேன். மாற்றும்போது நான் இருக்க வேண்டிய அவசியமில்லை. ஆனால் இருந்து பார்க்க வேண்டும் என்று தோன்றியது. அடியில் தட்டு வைத்து, உள்ளே இருந்த நீரை வடித்தார். இரண்டு குழாய்களின் கிளிப்பைத் தளர்த்தி இழுத்தார், ஒரு வயரைக் கழற்றினார், இரண்டு போல்ட், வந்துவிட்டது. ஒரு இட்லிப் பானை மூடி அளவுகூட இல்லை. பழையது டீக்கறை நிறத்தில் இருந்தது, புதியது பால் வெள்ளை. பொருத்தி முடித்து, ரோஸ் நிறக் கூலன்ட்டை ஊற்றினார்.

"உள்ள காத்து நின்னுடக் கூடாதும்மா. நீங்க உள்ள உக்காந்து எஞ்சின ஓடவிட்டு ஹீட்டர ஃபுல்லா வைங்க. நான் குழாய அமுக்கி அமுக்கிக் காத்த எடுக்கறேன்."

திருச்சியில் யாரும் ஹீட்டர் போடுவதில்லை. அப்படி ஒன்று இருப்பதே அன்றைக்குத்தான் எனக்குத் தெரியும். திருகினேன். கொஞ்ச நேரத்தில் சூடான காற்று முகத்தில் அடித்தது. பானெட் திறந்திருந்ததால் எதிரே ஒன்றும் தெரியவில்லை. அன்றைக்கும் அப்படித்தான், பானெட்டுக்கு அந்தப் பக்கம் அவள், இந்தப் பக்கம் நான். ஹீட்டரை அணைத்தேன், உடனே திரும்பவும் போட்டேன்.

அவர் எட்டிப் பார்த்தார். "என்னம்மா, முடியலையா?"

"இதே வண்டில எம் பொண்ணுக்கு வெந்துபோச்சு பாய். நான்தான் தண்ணி ஊத்தச் சொன்னேன்."

அவர் கையைத் துணியில் துடைத்தார். "அல்லா, இது தெரியாம அன்னிக்கு சிரிச்சுட்டேனேம்மா" என்றார். பிறகு கதவைத் திறந்துவிட்டு, "எறங்கி அப்படி நில்லுங்க. ஒரு டீ சொல்றேன்" என்றார்.

"இல்ல. உக்காந்திருக்கேன். நீங்க பாருங்க."

விசிறி இரண்டு முறை ஓடி நின்றது. குமிழி வருவது நின்றுவிட்டது என்றார். முள் நடுவில் நின்றது, அசையவில்லை. வேர்வையில் ரவிக்கை முதுகோடு ஒட்டிக்கொண்டது. கிளம்பும்போது பழைய தொட்டியைக் கேட்டேன். எதற்கு என்று கேட்காமல் ஒரு பையில் போட்டுக் கொடுத்தார்.

அதற்குப் பிறகு காருக்கு அடியில் தண்ணீர் தெளிப்பதை நிறுத்தினேன். கோலத்தை ஒருபக்கமாகத் தள்ளிப் போட்டேன். சாயங்காலம் வந்து நிறுத்தியதும் அடியில் செய்தித்தாள் விரித்து நாலு மூலையிலும் கல் வைத்துவிடுவேன். எதிர்வீட்டு மாமி, "காருக்குப் படுக்கையா போடறே?" என்று கேட்டுவிட்டுப் போனாள். விடிந்ததும் தாளை எடுத்துப் பார்ப்பேன். தூசி மட்டும்தான் இருக்கும்.

மகள் ஆட்டோவில் வந்து இறங்கினாள். நான்கு நாள் இருந்தாள். முழுக்கை சட்டைதான் போட்டாள். ஆயுத பூஜையன்று காருக்குச் சந்தனம் வைக்கக் கூப்பிட்டேன். "நீயே வைம்மா" என்று உள்ளேயிருந்து சொன்னாள்.

அன்று சாயங்காலம் அந்தப் பையை எடுத்து வந்து அவள் முன்னால் வைத்தேன். சொல்ல நினைத்து ஒத்திகை பார்த்த எதுவும் வரவில்லை. கறையையும் கழுவியதையும் மட்டும் சொன்னேன். அவள் தொட்டியைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். கீறலை நகத்தால் தடவினாள்.

"இவ்ளோதானா? இந்த முடி மாதிரி கீறலுக்கா?"

"ஆமா."

"வெத்தல எச்சின்னு நான் போர்டு வேற எழுதி ஒட்டினேனே."

"ஆமா."

சிரிப்பு மாதிரி ஒன்று வந்தது, முழுசாக வரவில்லை. தொட்டியைக் கீழே வைத்துவிட்டுச் சட்டைக் கையை இழுத்துவிட்டுக்கொண்டாள். "அப்ப எங்க ஊத்தறதுன்னு நான் கேட்டிருக்கணும்மா. நீ ஊத்துன்னுதானே சொன்ன. தொறக்கறதுக்கு முன்னாடி நானும் யோசிச்சிருக்கலாம்னு தெனமும் நெனச்சுப்பேன்" என்றாள்.

அவள் அப்படி நினைத்துக்கொண்டிருப்பாள் என்று எனக்கு ஒரு நாளும் தோன்றியதில்லை. "நீ யோசிக்க வேண்டியதில்லடி, அது என் வேலை" என்றேன். அவள் டிவியைப் போட்டாள். வெகுநேரம் இருவரும் அதைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

கிளம்பும் நாள் காலையில் ஆட்டோ வந்து நின்றது. நான் பையைத் தூக்கிக்கொண்டு வாசலுக்கு வந்தேன். அவள் காரைப் பார்த்தாள், ஆட்டோவைப் பார்த்தாள்.

"அம்மா, என்னால இன்னிக்கு முடியல. ஆனா நீ பின்னாடியே ஓட்டிட்டு வரியா? நான் திரும்பிப் பாத்துட்டே போறேன்."

காவிரிப் பாலம் வரை நெரிசல். அந்த மஞ்சள் ஆட்டோவை விட்டுவிடாமல் பின்னாலேயே ஊர்ந்தேன். பாலத்தின் நடுவில் அவள் தலையை வெளியே நீட்டிப் பார்த்தாள். நான் கையசைக்கவில்லை, இரண்டு கையும் ஸ்டீயரிங்கில் இருந்தன. பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. ஜங்ஷனில் வண்டியை நிறுத்த இடம் கிடைக்கவில்லை. நான் நடைமேடைக்குப் போவதற்குள் ரயில் நகர ஆரம்பித்துவிட்டது. ஜன்னலில் ஒரு கை தெரிந்தது. அது அவள் கைதானா என்று நிச்சயமில்லை.

வீட்டுக்கு வந்து காருக்கு அடியில் செய்தித்தாளை விரித்தேன். உள்ளே போய் அவள் குடித்து வைத்த காபி டம்ளரைக் கழுவாமல் பார்த்துக்கொண்டு நின்றேன். போனில் செய்தி வந்தது.

"போய்ட்டியா? முள்ளு எங்க நின்னுது?"

"நடுவுல" என்று எழுதினேன்.

"நாளைக்கும் பாத்து சொல்லு" என்று வந்தது.